மூன்று ஏஜென்சிகளும் அம்மாவின் சிரிப்பும்

கீலுங்,
மழை விட்டபாடில்லாத செவ்வாய்க்கிழமை.

அன்புத் தங்கை சியூ-ஜூவுக்கு அண்ணன் தியென்-ஃபு எழுதுவது. நானும் உன் அண்ணி குய்-ஹோங்கும் நலம். உன் நலமும் உன் முழங்கால்கள் இரண்டின் நலமும் அறிய ஆவல்.

அண்ணிக்குப் பக்கவாதம் வந்த நாளாக, வீட்டோடு தங்கிப் பார்த்துக்கொள்ள வெளிநாட்டுப் பெண் ஒருத்தியை வை, இல்லாவிட்டால் முதியோர் இல்லத்தில் சேர் என்று போனில் குடைகிறாய். உன் வாய்க்குப் பயந்து மூன்று ஏஜென்சிகளை வரவழைத்தேன். முப்பது வருஷம் பஸ் ஓட்டியவன் நான், படியேறும்போதே ஆளை எடை போட்டுவிடுவேன். முதல் ஆசாமி போனில் வரிசையாகப் படம் காட்டி, "எல்லாம் இந்தோனேசியப் பொண்ணுங்க ஐயா, எதிர்த்து ஒரு வார்த்தை பேசமாட்டாங்க" என்றான். நாற்பத்தாறு வருஷம் என்னோடு வாயாடியே பொழுது போக்கியவளுக்கு அப்படி ஒரு துணையா? இப்போது அவளுக்கு இரண்டொரு சொல்தான் வருகிறது. அதிலும் பாதி என்னைத் திட்டுவது. இரண்டாவது ஆள், "மூணு மாசத்துல பிடிக்கலேன்னா வேற ஆள் மாத்தித் தர்றோம்" என்றான். வருவது மனுஷியா, சோறு வேகும் குக்கரா என்று கேட்டேன். குடையைக்கூட எடுக்காமல் போய்விட்டான்.

மூன்றாவதாக வந்த லியாவ் அம்மாளைப் பற்றிக் கேட்காதே. படம் ஒன்றும் காட்டவில்லை. "பொண்ணு எங்க படுப்பா?" என்று நேரே சாமான் அறைக்குள் போய்விட்டாள். "கதவுக்கு உள்பக்கம் தாழ்ப்பாளே இல்லையே. ஞாயித்துக்கிழமை லீவு உண்டா? இப்ப உங்க வீட்டம்மாவைத் தூக்கி உக்கார வைக்கிறது யாரு?" நான்தான் என்றேன். "கையில என்ன கட்டு?" மீன் நறுக்கினேன் என்றேன். "முதல்ல இந்த ரூமை ஒழிச்சு வைங்க. பொண்ணைக் குடுக்கலாமான்னு அப்புறம் யோசிக்கிறேன்" என்கிறாள், சம்பந்தம் பேச வந்தவள் மாதிரி! மார்க் போட வேண்டியவன் நானா, அவளா?

எதற்கும் மறைந்த நம் அம்மாவைக் கேட்போம் என்று, அவள் படத்துக்கு ஊதுபத்தி ஏற்றி, மூவரின் கார்டையும் வைத்து, குறி கேட்கும் பிறைக்கட்டைகள் இரண்டையும் போட்டேன். ஒன்று நிமிர்ந்து ஒன்று கவிழ்ந்தால் சம்மதம், உனக்குத் தெரியாததா? முதல் இரண்டு பேருக்கும் இரண்டு கட்டையும் நிமிர்ந்தே விழுந்தன. அம்மா பதில் சொல்லாமல் சிரிக்கிறாள் என்று அர்த்தம். லியாவ் அம்மாளுக்கு எடுத்த எடுப்பிலேயே சம்மதம் விழுந்தது. தரை ஈரமாக இருந்ததால் அதைச் சேர்த்துக்கொள்ளவில்லை. நான்காம் தடவைதான் இரண்டும் ஒழுங்காகக் கவிழ்ந்து, வேண்டாம் என்றன. ஆகவே அம்மாவின் உத்தரவுப்படி என் பெண்டாட்டியை நானே பார்த்துக்கொள்கிறேன். இல்லத்துக்கு மட்டும் அனுப்பமாட்டேன். அவள் இல்லாத வீட்டில் எனக்கு இருக்கத் தெரியாது.

உன் பிள்ளைகளுக்கு எங்கள் ஆசி. கடலம்மன் உங்கள் எல்லோரையும் காக்கட்டும்.

அண்ணன்
தியென்-ஃபு

பி.கு.: மேலே உள்ளதை எல்லாம் அடித்துவிடு. உறையை ஒட்டப்போகும்போது உன் அண்ணி கட்டைகளைக் கேட்டாள். லியாவ் அம்மாளின் கார்டை மடியில் வைத்துக்கொண்டு நல்ல கையால் போட்டாள். இரண்டும் கவிழ்ந்தன. என் முகத்தைப் பார்த்துக்கொண்டே ஒரு கட்டையை விரலால் புரட்டி நிமிர்த்தினாள். "அழுகுணி ஆட்டம்" என்றேன். கட்டுப் போட்ட என் கையைத் தொட்டு, வெகுநேரம் வாயை அசைத்து, "தூங்கு" என்றாள். மீன் நறுக்கியதில்லை, சியூ-ஜூ. போன வாரம் அவளைத் தூக்கும்போது குளியலறையில் இரண்டு பேரும் விழுந்தோம். எழுந்திருக்க ஒரு மணி நேரம் ஆயிற்று. சனிக்கிழமை வந்து உன் பழைய தையல் மிஷினை எடுத்துப் போ, சாமான் அறையை ஒழிக்க வேண்டும். தாழ்ப்பாள் வாங்கி வந்துவிட்டேன். உள்பக்கத்துக்குத்தான்.