ஒரே ஷாட்டில் ஒன்பது தப்பு

மூன்று படம் எடுத்து மூன்றும் விருது வாங்கிவிட்டால் நான்காவது படம் கிடைக்காது என்று எனக்கு யாரும் முன்கூட்டியே சொல்லவில்லை. விருது வாங்கிய இயக்குநர் என்றால் தயாரிப்பாளர்கள் எழுந்து நின்று கை கொடுப்பார்கள். எழுந்ததுதான் எழுந்தோம் என்று அப்படியே வாசல் வரை கொண்டுவந்து விட்டுவிடுவார்கள்.

என் படங்கள் பதினோரு நாடுகளுக்குப் போயின. நான் குடியிருக்கும் தண்டலத்துக்கு மட்டும் வரவில்லை. என் மனைவி மல்லிகா ஒரே ஒரு படத்தைப் பார்க்க வந்து, இடைவேளைக்கு எழுப்புங்கள் என்று சொல்லிவிட்டுத் தூங்கினாள். (என் படங்களில் இடைவேளை கிடையாது.)

விமர்சகர்கள் என்னிடம் மெச்சியது ஒரு விஷயத்தை. தொழில்முறை நடிகர்களை வைக்க மாட்டேன், என்ன நடக்கப்போகிறது என்று யாரிடமும் சொல்லவும் மாட்டேன். இரண்டாவது படத்தில் ரேஷன் கடை வரிசைக்குள் சொல்லாமல் கொள்ளாமல் ஓர் எருமையை அவிழ்த்து விட்டேன். ஜனங்கள் பயந்து ஓடியதைப் பார்த்து நடுவர் ஒருவர் கண்கலங்கினாராம். அன்றைக்கு ஏறிய கர்வம் ஏழு வருஷம் படமில்லாமல் உட்கார்ந்திருந்தும் இறங்கவில்லை.

அப்போதுதான் மல்லிகாவின் தம்பி பாபு ஒரு வேலையோடு வந்தான். ஒரகடத்தில் கார் பாகங்கள் செய்யும் ஒரு கம்பெனியில் பாதுகாப்பு அதிகாரி அவன். புதிதாகச் சேருகிறவர்களுக்குப் போட்டுக் காட்ட, விபத்து நடந்தால் என்ன செய்ய வேண்டும் என்று இருபது நிமிஷப் படம் ஒன்று வேண்டுமாம். நான் மூக்கைச் சுளித்தேன். மல்லிகா என்னைப் பார்த்த பார்வையில் மூக்கு பழைய இடத்துக்கு வந்தது.

தொழிற்சாலைத் தலைவர் மரியாதையான மனிதர். "இது நல்லா வரட்டும் சார். எங்க சேர்மன் சினிமான்னா உயிரை விடுவார். உங்க அடுத்த படத்தைப் பத்தி நானே அவர்கிட்ட பேசறேன்" என்றார். ஏழு வருஷமாகப் பையிலேயே கிடந்த நான்காவது படத்தின் கதையை அந்த நிமிஷமே எடுத்து நீட்டினேன். அவர் வாங்கி மேஜை இழுப்பறைக்குள் வைத்துக்கொண்டார். எனக்கு இன்னொரு படம் உண்டா இல்லையா என்பது அன்று முதல் அந்த மேஜை இழுப்பறைக்குள் இருந்தது.

அந்தத் தொழிற்சாலையின் வாசலில் ஒரு பெரிய பலகை. 'விபத்தில்லா நாட்கள்' என்று எழுதி, கீழே எண். தினமும் காலையில் ஒன்று கூட்டுவார்கள். யாருக்காவது அடிபட்டால் மறுபடி பூஜ்யம். நான் படமெடுக்கப் போன அன்று எண் 998. ஆயிரம் வந்தால் ஆளுக்கொரு ஐந்து லிட்டர் குக்கர் என்று நிர்வாகம் அறிவித்திருந்தது. குக்கர்கள் வந்து ஸ்டோரில் அடுக்கியும் ஆயிற்று. சாப்பாட்டு இடைவேளையில் ஒவ்வொருவராகப் போய்க் கண்ணாடி வழியே பார்த்துவிட்டு வந்தார்கள்.

"மாமா, எது எடுத்தாலும் மைக்ல சொல்லிட்டு எடு. சொல்லாம ஒண்ணும் பண்ணாத. இது உன் ரேஷன் கடை இல்ல" என்றான் பாபு.

முதல் தடவை சொல்லிவிட்டுத்தான் எடுத்தேன். கஸ்தூரி என்ற பெண் லைனில் மயங்கி விழ வேண்டும், மற்றவர்கள் பதற வேண்டும். அவள் விழுந்ததும் நாற்பது பேரும் காமிராவைப் பார்த்து அழகாகச் சிரித்தார்கள். ஒருவர் தலை வேறு வாரியிருந்தார். எனக்குள் இருந்த கலைஞன் செத்தே போனான்.

மதியம் கஸ்தூரியைத் தனியாகக் கூப்பிட்டேன். வடக்குப்பட்டுக்காரி, அங்கே ஆறு வருஷமாக வேலை.

"இன்னொரு வாட்டி விழணும்மா. ஆனா இந்தத் தடவை யாருக்கும் தெரியக் கூடாது."

"இன்னா சார், பேஜாராய்டப் போவுது. குக்கர் வேற கீது. பாபு சாராண்ட சொல்லிட்டீங்களா?"

"சொல்லிட்டேன்" என்றேன்.

சொல்லவில்லை. இந்தக் கதையை நான் எத்தனை முறை சிரித்துக்கொண்டே சொன்னாலும் இந்த இடத்தில் மட்டும் எனக்குச் சிரிப்பு வருவதில்லை.

மூன்று மணிக்குக் கஸ்தூரி விழுந்தாள். பிரமாதமாக விழுந்தாள். நான் பதற்றத்துக்காகக் காத்திருந்தேன். வரவில்லை. பக்கத்தில் இருந்தவள் சிவப்புப் பொத்தானை அடித்தாள். லைன் நின்றது, சைரன் ஊளையிட்டது. ஒருவர் ஸ்ட்ரெச்சருக்குப் போனார். மற்றவர்கள் தரையில் போட்டிருந்த மஞ்சள் கோடுகளுக்குள் வரிசை கட்டி வெளியே நடந்தார்கள். ஒரு முகத்திலும் எனக்கு வேண்டிய எதுவும் இல்லை. இரண்டு பெண்கள் கஸ்தூரியைத் தூக்கினார்கள்.

"ஒண்ணியும் இல்லக்கா, நடிக்கிறேன்" என்றாள் அவள்.

"மயக்கத்துல உளறுது. நல்லாப் புடிடீ."

என் காமிராமேன் டில்லிகூடக் காமிராவை அப்படியே விட்டுவிட்டு வரிசையில் சேர்ந்து நடந்துகொண்டிருந்தான். (காலையில் எங்களுக்கும் பயிற்சி கொடுத்திருந்தார்கள். அவன் கவனித்திருக்கிறான். நான் நான்காவது படத்தைப் பற்றி யோசித்துக்கொண்டிருந்தேன்.) நான் என்ன செய்திருக்க வேண்டும்? சும்மா இருந்திருக்க வேண்டும். "கட்! கட்! ஷூட்டிங்!" என்று கத்திக்கொண்டு ஓடி, அவசர வழிக் கதவின் குறுக்கே இரண்டு கையையும் விரித்து நின்றேன். தலையில் ஹெல்மெட் இல்லை. தோள்வரை வளர்த்திருந்த முடி அதற்குள் மறைகிறதே என்று கழற்றி வைத்திருந்தேன். அவர்கள் கொடுத்த பூட்ஸ் கடித்ததால் காலில் செருப்பு.

எதிர்ப்பக்கமிருந்து பாபு ஓடிவந்தான். நடைபாதையின் குறுக்கே நான் போட்டிருந்த லைட் ஒயர் தடுக்கி விழுந்தான். வலது மணிக்கட்டு உடைந்தது. அந்தத் தொழிற்சாலையில் 998 நாட்களாக ஒருவருக்கும் சிராய்ப்புகூட வராமல் பார்த்துக்கொண்டவன் அவன். என்னை நிமிர்ந்து பார்த்து "மாமா..." என்றான். திட்டியிருந்தால் தேவலை.

பாபு ஆஸ்பத்திரிக்குப் போனான். கஸ்தூரியும் நானும் தலைவரின் அறைக்குப் போனோம்.

"யார் உன்னை விழச் சொன்னது?" என்று அவளைக் கேட்டார்.

அவள் தரையைப் பார்த்தாள். யாரிடமும் சொல்லாதே என்று நான் சொல்லியிருந்தேன் அல்லவா, அதைக் காப்பாற்றிக்கொண்டிருந்தாள். வேலை போகிற நேரத்திலும் என் பெயரைச் சொல்லவில்லை. தலைவர் மெமோவை எடுத்துப் பேனா மூடியைத் திறந்தார். அந்த மேஜைக்குள்தான் என் கதையும் இருந்தது. நான் வாயைத் திறக்காமல் உட்கார்ந்திருந்தால் ஒருவேளை அது பிழைத்திருக்கும். என் படங்களில் வரும் ஷாட் அளவுக்கு நீளமாக நான் யோசித்தேன் என்பதையும் ஒப்புக்கொள்கிறேன்.

"நான்தான் சார். பாபுகிட்ட சொல்லிட்டேன்னு அந்தம்மாகிட்ட பொய் சொன்னேன்."

அவர் பேனாவை மூடினார். மேஜை இழுப்பறையைத் திறந்து, கதையை எடுத்து இரண்டு கையாலும் என்னிடம் கொடுத்தார். அப்போதும் மரியாதையான மனிதர்தான்.

வெளியே பலகையில் ஒருவர் ஏணி போட்டு ஏறி 998-ஐக் கழற்றிக்கொண்டிருந்தார். ஷிப்ட் முடிந்த கூட்டம் மொத்தமும் நின்று பார்த்தது. அந்த நேரத்தில் தண்டலம் வழியாகப் போவது கம்பெனி பஸ் ஒன்றுதான், அதில் ஏறினேன். என் ஸ்டாப் வரும்போது பின் சீட்டிலிருந்து ஓர் அம்மா கேட்டார்:

"சார், உங்க வூட்ல குக்கர் கீதா?"

இருக்கிறது என்றேன். "நல்லா இருங்க" என்றார்.

பாபுவின் கையில் ஆறு வாரம் மாவுக்கட்டு. மல்லிகா என்னிடம் ஆறு வாரமும் ஒரு நாளும் பேசவில்லை. அந்த ஒரு நாள் கணக்கு என்னவென்று கேட்கும் தைரியம் எனக்கு இன்றுவரை வரவில்லை. குக்கர்கள் ஸ்டோரிலேயே இன்னும் ஏறக்குறைய மூன்று வருஷம் காத்திருந்தன. ஆயிரமாவது நாள் கஸ்தூரி தன் குக்கரை மடியில் வைத்துக்கொண்டு போட்டோ எடுத்து பாபுவிடம் கொடுத்து, எனக்கு அனுப்பச் சொன்னாளாம். நான் அதை அழிக்கவில்லை.

படம் மட்டும் வீணாகவில்லை. என் காமிராவில் இருந்தது டில்லியின் முதுகுதான். ஆனால் தூணில் இருந்த சிசிடிவி எல்லாவற்றையும் எடுத்திருந்தது. அசையாத காமிரா, வெட்டே இல்லாத ஒரே ஷாட், இசை கிடையாது, நடிகர்கள் கிடையாது, என்ன நடக்கிறது என்று யாருக்கும் தெரியாது. நான் ஆயுள் முழுக்க எடுக்க ஆசைப்பட்ட படம் அது. அதைத் தூண் எடுத்துவிட்டது. பாபு திங்கட்கிழமைதோறும் புதியவர்களுக்கு அதைத்தான் போடுகிறான். நான் கையை விரித்து நிற்கும் இடத்தில் நிறுத்தி, "இவரு செஞ்ச தப்பு எத்தினி? எழுதுங்க" என்பான். சரியான விடை ஒன்பது.

போன மாதம் என் மகள், தான் கல்யாணம் செய்துகொள்ள நினைக்கும் பையனைச் சாப்பிட அழைத்து வந்தாள். இன்ஜினியர். எங்கே வேலை என்று அவள் சொல்லவில்லை, நானும் கேட்கவில்லை. வந்ததிலிருந்து பையன் என்னையே பார்த்துக்கொண்டிருந்தான். ரசம் வரைக்கும் பொறுத்தான்.

"சார், உங்கள எங்கேயோ பாத்திருக்கேன். ஸ்கிரீன்ல."

எத்தனை வருஷம் ஆயிற்று, இப்படி ஒருவர் கேட்டு! முடியை ஒதுக்கிக்கொண்டேன். "எந்தப் படம் தம்பி? எருமை வருமே, அதுவா?"

அவன் முகம் மலர்ந்தது. "ஞாபகம் வந்துடுச்சு! ஒன்பது தப்பு சார்தானே நீங்க?"

"பத்து" என்றாள் மல்லிகா, அவன் இலையில் மோர் ஊற்றியபடி. "எந்தம்பி கைய அவங்க கணக்குல சேக்கல."