குனியாத கழுத்து

நம் நாட்டில் எல்லாப் பதவிக்கும் 'முன்னாள்' உண்டு. முன்னாள் தலைவர், முன்னாள் கவுன்சிலர், முன்னாள் செயலாளர் என்று உங்களுக்கே பத்துப் பேரைத் தெரிந்திருக்கும். ஆனால் அந்த வார்த்தையை வாசற்படி ஏறவிடாத இனம் ஒன்று இருக்கிறது. ஏதோ ஒரு வருஷம், ஏதோ ஒரு மேடையில், தலையில் கிரீடம் வைக்கப்பட்ட இனம். வைத்தவர் மறந்திருப்பார், கைதட்டியவர்கள் பேரன் பேத்தி எடுத்திருப்பார்கள், பந்தல்காரர் தொழிலையே மாற்றியிருப்பார். கிரீடம் மட்டும் இறங்கியிருக்காது.

அடையாளம் காண்பது சுலபம். கல்யாண வரவேற்புக்கு, மற்றவர்கள் சாப்பிட்டுக் கை கழுவும் நேரத்தில் வருவார். குரூப் போட்டோவில் நடு இடம் காலியாகும்வரை கைப்பையில் எதையோ தேடிக்கொண்டிருப்பார். "நானா போவலைங்க, கூடப் படிச்ச பொண்ணுதான் எனக்குத் தெரியாம ஃபாரத்தப் போட்டுட்டா" என்பார். அந்தத் தோழியை இதுவரை யாரும் பார்த்ததில்லை. "வெளியழகு பெருசில்லீங்க, மனசுதான்" என்றும் சொல்வார். சொல்லும்போது விரல்கள் நெற்றி முடியை ஒதுக்கிக்கொண்டிருக்கும்.

விருத்தாசலத்தில் இந்த இனத்தின் சிகரம் விமலாராணி. 2011-இல் பீங்கான் பொருட்காட்சிக்குக் கூட்டம் சேரவில்லை என்று 'பீங்கான் பேரழகி' என்றொரு போட்டி வைத்தார்கள். பதினோரு பேர் பெயர் கொடுத்தார்கள். அதில் நாலு பேரை வீட்டில் விடவில்லை, மூன்று பேர் பஸ்ஸைத் தவறவிட்டார்கள். மிச்சமிருந்த நாலு பேரில் விமலாராணி வென்றார். இதை வைத்து அவரைக் குறைவாக எடைபோட வேண்டாம். நாற்பது பேர் வந்திருந்தாலும் அவர்தான் வென்றிருப்பார். சிரிப்பு அப்படி.

கிரீடம் செய்தவர் சூளைக்காரர் பச்சமுத்து. ஊருக்கு ஏற்றபடி அதுவும் பீங்கான்தான். மனைவி அம்புஜவல்லியின் தலையை நூல் பிடித்து அளந்து, அச்செடுத்து, பூ வைத்து, சூளையில் சுட்டார். சுட்டால் மண் சுருங்கும். இது பச்சமுத்துவுக்குத் தெரியாதா? ஆயுசுக்கும் அகல் விளக்குச் சுட்டவர். விளக்குச் சுருங்கினால் எண்ணெய்தான் கொஞ்சம் குறையும், தலை அப்படிச் சுருங்காது என்பதை அவசரத்தில் மறந்துவிட்டார். கிரீடம் கைக்குழந்தையின் தலை அளவில் வெளியே வந்தது.

அதை விமலாராணியின் உச்சந்தலையில் குடம்போல வைத்து, "நடந்து காட்டும்மா" என்றார்கள். கழுத்து அசைந்தால் கிரீடம் தூள். மூச்சைப் பிடித்து, பார்வையை எதிர்ச்சுவரில் நட்டு, அடிமேல் அடி வைத்து நடந்தார். கூட்டம் வாயைப் பிளந்தது. "ராணி நடைடா" என்றது. அந்த நடைதான் அவருக்குச் சோறு போட்டது.

மறுமாதமே பாரி என்பவர் நடத்திய மெல்லிசைக் குழுவில் நிகழ்ச்சி தொகுக்கக் கூப்பிட்டார்கள். திட்டக்குடியில் பள்ளி ஆண்டுவிழா, பெண்ணாடத்தில் வரவேற்பு, திட்டக்குடிப் பக்கத்து மங்களூரில் திருவிழா என்று மேடை மேடையாக ஏறினார். பாட்டுக்கு ஆடினால் கையும் காலும்தான் ஆடும். நாடகத்தில் வெள்ளத்தில் வீட்டைப் பறிகொடுத்த பெண்ணாக வந்தார். வெள்ளம்தான் மன்னிப்புக் கேட்க வேண்டும்போல இருந்தது. பங்குக் கோயில் கிறிஸ்துமஸ் நாடகத்தில் மாதா வேஷம். தீவனத் தொட்டியில் கிடக்கும் பாலனைக் குனிந்து பார்க்க வேண்டிய இடத்தில் அவர் குனியவில்லை. இடையர்கள் இரண்டு பேர் பாலனை அவர் முகத்துக்கு நேரே தூக்கிப் பிடித்தார்கள். "மாதாவுக்கு இவ்ளோ மிடுக்கு இருந்திருக்காதும்மா" என்று ஃபாதர் சொல்லிப் பார்த்தார்.

அடுத்த அழகி வரும்வரை பட்டம் இவருக்கே என்பது போட்டி விதி. அடுத்த வருஷம் போட்டி நடக்கவில்லை. அதற்கடுத்த வருஷமும் இல்லை. ஆக, பதினாலு வருஷமாக விமலாராணிதான் பீங்கான் பேரழகி. இவ்வளவு நீண்ட ஆட்சி யாருக்கு வாய்க்கும்?

இந்த வருஷம் அதற்கு ஆபத்து வந்தது. விழாக்குழுச் செயலாளர் பழமலைநாதன் அழைப்பிதழோடு வீட்டுக்கு வந்தார்.

"மறுபடி போட்டி வெக்கிறோம்ங்க. ஜெயிக்கிற பொண்ணுக்கு நீங்கதான் கிரீடம் வெக்கணும். அதான மொற."

"எந்தக் கிரீடத்தங்க?"

"உங்க வூட்டுல இருக்குதே, அதத்தான்."

அவர் போனதும் விமலாராணி நாற்காலியில் உட்கார்ந்துவிட்டார். இனிமேல் மேடைக்குக் கூப்பிடும்போது பாரி மைக்கில் என்ன சொல்லுவார்? 'முன்னாள்' என்றா? அந்த ஒரு வார்த்தைக்குத்தான் அவர் பயந்தார்.

"குடுத்துட்டு வாயேன். உன் தலையவா கேக்குறாங்க?" என்றார் கணவர் சூசைநாதன்.

"ஏங்க, அதுவும் போச்சுன்னா நான் யாருங்க?"

விமலாராணி அழுதார். அழும்போதும் கழுத்து நேராகவே இருந்தது, பாவம்.

விழா நாள். பெண்ணாடத்திலிருந்து வந்த வெண்பா என்ற கல்லூரிப் பெண் வென்றாள். விமலாராணி தட்டிலிருந்து கிரீடத்தை எடுத்தார். கிரீடம் வெண்பாவின் தலையை நெருங்கும்போது பச்சமுத்து மேடையேறி ஓடி வந்தார். கையில் இன்னொரு கிரீடம்.

"அத வெக்காதீங்கம்மா. அது சூளையில சுருங்கிப்போனது. அன்னிக்கே சொல்லியிருக்கணும், திட்டுவாங்கன்னு கம்முனு இருந்துட்டேன். இந்தத் தடவ சுருங்குறதுக்கும் சேத்துப் பெருசா அச்செடுத்திருக்கேன்."

விமலாராணி அவரையே பார்த்தார். கிரீடம் என்றால் அப்படித்தான் இருக்கும் என்று இத்தனை காலம் நம்பியிருந்தவர் அவர். புதியதை வாங்கி வெண்பாவுக்குச் சூட்டினார். கச்சிதமாக உட்கார்ந்தது. அந்தப் பெண் குனிந்து அவர் காலைத் தொட்டாள், நிமிர்ந்து சிரித்தாள், பாட்டு போட்டதும் தலையை ஆட்டி ஆடினாள். கிரீடம் அசையவில்லை. ஊரே கைதட்டியது. பழையது யாருக்கும் வேண்டாம் என்று விமலாராணியிடமே கொடுத்துவிட்டார்கள்.

மேடைப் படியில் செருப்பு வார் அவிழ்ந்தது. வழக்கமாகச் சூசைநாதன்தான் குனிந்து மாட்டிவிடுவார். அன்று அவர் வருவதற்குள் விமலாராணியே குனிந்தார். கழுத்தில் சொடக்கென்று ஒரு சத்தம் கேட்டது. வாரை மாட்டிவிட்டு, கொஞ்ச நேரம் குனிந்தபடியே இருந்தார்.

"வலிக்குதா?"

"இல்லீங்க. நல்லா இருக்குது."

திருந்திவிட்டார் என்று நினைக்கிறீர்களா? மறுநாள் திட்டக்குடி மேடையில் அதே நடை, எதிர்ச்சுவரில் அதே பார்வை. பழகிய கழுத்து ஒரே நாளில் வளையுமா?

சிரிக்கிறீர்கள். சிரியுங்கள். உங்கள் ஷோகேஸிலும் பத்தாம் வகுப்பில் பள்ளி முதலிடம் வாங்கிய ஷீல்டு ஒன்று இருக்கிறது. வருகிறவர்களுக்கு டீ கொடுக்கும் நாற்காலியை அதைப் பார்த்தபடிதானே போட்டிருக்கிறீர்கள்? ஒன்றும் தப்பில்லை. படித்து முடித்ததும் கழுத்தை மட்டும் கொஞ்சம் குனித்துப் பாருங்கள். சத்தம் கேட்கிறதா?