கல்லாகிப் போன புட்டியும் ராத்தாட கல்யாண அறையும்

அண்டைக்கு எனக்கு ஒரே ஒரு வேலை. ஹாட்வெயாருக்குப் போய், ஜிப்சம் போட் மூட்டு அடைக்கிற புட்டி வாங்கிட்டு வாறது.

வெள்ளிக்கிழமை எனக்கு மூத்தவ, ராத்தாக்கு நிக்காஹ். கல்முனைப் பக்கம் கல்யாணம் முடிஞ்சா மாப்புளதானே பொண்ணு வீட்ட வந்து இருக்கிறது! அவருக்கு அறை வேணும். வீட்டு ஹோலை மறிச்சு ஜிப்சம் போட் பலகை அடிச்சாச்சு. ஆனா பலகைக்கும் பலகைக்கும் நடுவுல விரல் அகலத்துக்கு வெடிப்பு. ஹோலுல நிண்டு பார்த்தா அறைக்குள்ள எல்லாம் தெரியும். புதுசாக் கல்யாணம் கட்டினவங்களுக்கு அது சரிவருமா?

கடைக்காரக் காக்கா ரெண்டு சாமான் காட்டினார்.

"இது குழைச்சே வாற புட்டி. ஆறுதலாப் பூசலாம், காய ஒரு நாள் போகும். தூள் அப்படியில்ல. தண்ணி பட்டா அரை மணித்தியாலத்துல கல்லு! கை வேகம் இருக்கா தம்பி?"

"ஓம் காக்கா."

என்ட கை வேகம் ஃபோன் தட்டுறதுல மட்டும்தான் எண்டு அவருக்குத் தெரியாது. தூளைத் தூக்கிட்டு வந்தன்.

"கொஞ்சம் கொஞ்சமாக் குழைடா," எண்டா ராத்தா.

"உனக்கு ஒண்டும் தெரியாது," எண்டு மெதுவாச் சொல்லிட்டு, முழுப் பையையும் ஒரே வாளியில கொட்டிக் குழைச்சன்.

ஒரு சாண் பூசியிருப்பன். வாசலில சலாம்! மாப்புளட உம்மா, நாலு பொம்புளையளோட அறை பார்க்க வந்துட்டா.

"மாமிக்குக் கதிரை போடு மகன்!" எண்டா உம்மா.

போட்டன். "படிப்பெல்லாம் எப்படி மகன்?" எண்டா மாமி. சொன்னன். "வாப்பாக்குச் சுகமா?" சொன்னன். "புட்டி இறுகுது, நான் போகணும்" எண்டு மட்டும் சொல்ல வாய் வரல்ல. சம்பந்தி வீட்டாக்களுக்கு முன்னால அப்படிக் கதைக்கலாமா? அவங்க பிளேன்டீ குடிச்சு, வெத்திலை போட்டு முடியும் வரைக்கும் தலையாட்டிக்கிட்டே நிண்டன்.

ஓடிப் போய்ப் பார்த்தா, பூசுற தகடு வாளிக்கு நடுவுல கொடிக்கம்பம் மாதிரி நிக்குது! இழுத்தன். வாளியும் சேர்ந்து வந்தது. வாளியக் காலால மிதிச்சுக்கிட்டு இழுத்தன். தகட்டுப் பிடி மட்டும் கையோட வந்தது.

நிமிர்ந்து பார்த்தன். வெடிப்புல ஒரு கண்.

மாமிட கண்!

"அஸ்ஸலாமு அலைக்கும்," எண்டன். வேற என்னத்தச் சொல்ல?

"வஅலைக்கும் ஸலாம்," எண்டது கண். "தூளையா மகன் வாங்கின? என்ட மகன் கட்டாருல இந்த வேலைதானே செஞ்சான். நாளைக்கு அனுப்பி விடுறன்."

"ஐயோ, வேணாம் மச்சி!" எண்டு உம்மா மாமியத் தடுத்துப் பதறினா. ஆர் கேட்ட?

எல்லா வீட்டுலயும் மாப்புள மாலையோட, ஆள் படையோட வருவார். எங்கட மாப்புள அடுத்த நாள் காலையில சாரத்த மடிச்சுக் கட்டிக்கிட்டு, நிக்காஹ்வுக்கு முந்தியே வந்துட்டார். ராத்தா குசினிக்குள்ள ஒளிச்சு நிண்டு என்னை ஏசுறா.

மச்சான் ஏசல்ல. வலு மரியாதையாத்தான் சொன்னார்:

"தம்பி, நீங்க ஒண்டையும் தொடாம நிண்டாலே பெரிய உதவி."