ருஷ்யாக்காரர் பூட்ஸுக்கு நான் வைத்த குங்குமம்

சாமி கும்பிடுவதால் யாருக்கும் கெடுதல் வந்ததில்லை என்று இன்றைக்கும் நம்புகிறேன். ஆனால் பொட்டை எங்கே வைக்கலாம், எங்கே வைக்கக் கூடாது என்பதைப் பெரியவர்கள் இன்னும் கொஞ்சம் விளக்கமாகச் சொல்லிவிட்டுப் போயிருக்கலாம். மாட்டுக்கு வை, வண்டிக்கு வை, அரிவாளுக்கு வை, தராசுக்கு வை என்றார்கள். ஐஸ் ஹாக்கி விளையாடும் ருஷ்யாக்காரரின் பூட்ஸைப் பற்றி ஒருவரும் ஒரு வார்த்தை சொல்லவில்லை. அதனால் நானே யோசித்து ஒரு முடிவுக்கு வந்தேன். (நான் படித்தது எட்டாம் வகுப்பு. யோசித்து முடிவுக்கு வந்த இடத்தில் எல்லாம் எனக்குச் சேதம்தான்.)

எண்பதுகளின் கடைசி வருடங்கள் அவை. துபாயில் அல் கூஸில் ஒரு தகரக்கூரை ஒர்க்‌ஷாப்பில் எனக்குச் சாணை பிடிக்கிற வேலை. ஹோட்டல் கத்தி, தச்சர் உளி, கறிக்கடை வெட்டுக்கத்தி என்று எது வந்தாலும் கூராக்கித் தருவேன். ஊரில், ராமநாதபுரம் பக்கம், மனைவி செல்வியும் ஒரு பெண் குழந்தையும். செல்வி குழந்தைக்குத் தினமும் என் போட்டோவைக் காட்டி ‘அப்பா’ என்று சொல்லிக் கொடுத்திருந்தாள். லீவில் போய் நான் நேரில் நின்றபோது குழந்தை போட்டோவைப் பார்த்து ‘அப்பா’ என்றது, என்னைப் பார்த்து அழுதது. அன்றிலிருந்து முருகனிடம் எனக்கு ஒரே வேண்டுதல். இவர்களை என்னோடு வைத்துக்கொள்ள ஒரு வழி காட்டு. கேம்ப்பில் கட்டிலுக்கு மேல் கட்டில் போட்டுப் படுக்கிற சாணைக்காரனுக்கு எவன் ஃபேமிலி விசா கொடுப்பான் என்பது முருகனுக்கும் தெரிந்துதான் இருக்கும். ஆனாலும் கேட்பதை நான் நிறுத்தவில்லை.

அவன் காட்டிய வழி ஒரு நாள் மத்தியானம் ஆறடிக்கு மேல் உயரமாக ஒர்க்‌ஷாப் வாசலில் வந்து நின்றது.

கூட வந்தவர் நகரத்து ஐஸ் மைதானத்தின் மேனேஜர், லெபனான்காரர். கை வைத்தால் கொப்புளிக்கிற வெயில் ஊரில், ஒரு கட்டடத்துக்குள் ஐஸை உறையவைத்து அதன்மேல் விளையாடுகிறார்கள் என்று கேள்விப்பட்டிருந்தேன். நம்பியதில்லை. அவர் தனக்குத் தெரிந்த இந்தியில் விளக்கினார். இந்த ஆள் பெயர் செர்கேய். ருஷ்யாவில் முன்வரிசையில் நின்று கோல் போடுகிறவர். மைதானத்துச் சாணை மெஷின் கெட்டுப்போய்விட்டது. வெள்ளிக்கிழமை மேட்ச். கிளப்பின் அர்பாப், அதாவது முதலாளி, பார்க்க வருகிறார். ஆட்டம் அவருக்குப் பிடித்தால் செர்கேய் இங்கேயே கோச்சாக இருப்பார். பிடிக்காவிட்டால் அடுத்த விமானம்.

பூட்ஸைத் திருப்பிப் பார்த்தேன். அடியில் கத்தி. கத்தி என்றால் எனக்குச் சொல்லவா வேண்டும், கறிக்கடைக் கத்தி மாதிரி ஒரே முனையாக உரசப் போனேன். செர்கேய் பாய்ந்து என் கையைப் பிடித்துக்கொண்டார். அப்புறம் தரையில் கரித்துண்டால் படம் போட்டுக் காட்டினார். கத்தியின் அடியில் நீளவாக்கில் ஒரு பள்ளம் இருக்க வேண்டும், வயலுக்குத் தண்ணீர் போகிற வாய்க்கால் மாதிரி. அந்த வாய்க்காலின் இரண்டு கரையும்தான் கூர். சின்னக் கல்லை மாட்டி மெதுவாகப் பிடித்தேன்.

நான் சாணை பிடிக்கப் பிடிக்க அவர் பக்கத்தில் உட்கார்ந்து தன் கதையைச் சொன்னார். பாஷை எதற்கு, உடம்பிலேயே எழுதி வைத்திருந்தார். விட்டுப்போனதை மேனேஜர் இந்தியில் நிரப்பினார். புருவத்தில் ஒரு வெட்டு: சின்ன வயதில், உறைந்துபோன ஆற்றின் மேல் அண்ணன்மாரோடு ஆடியபோது பட்டது. தாடையில் ஒரு தையல்: தொழிற்சாலை டீமில் சேர்ந்த வருடம். கோணிப்போன விரல்: பட்டாளத்து டீம். நான் உச்சுக்கொட்டியதில் உற்சாகமாகி, வாய்க்குள் கைவிட்டு முன்பல் வரிசையை அப்படியே கழற்றி என் மேஜைமேல் வைத்தார். நான் எழுந்து இரண்டடி பின்னால் போனேன். மேனேஜர் சிரித்துவிட்டு, அது சைபீரியாவில் ஒரு பெரிய மேட்ச் என்றார்.

கடைசியாகப் பேண்ட்டைச் சுருட்டி முழங்காலைக் காட்டினார். மேலிருந்து கீழே நீளமாக ஒரு தழும்பு. தேசத்து டீமுக்குக் கூப்பிட்டிருந்தார்களாம். போவதற்கு முன்னால் நடந்த ஆட்டத்தில் இது. அந்த இடம் வேறொருவருக்குப் போயிற்று. அதற்கப்புறம் சின்ன டீம், அதைவிடச் சின்ன டீம். அந்தத் தழும்பைப் பற்றி மட்டும் அவர் கையை ஆட்டிப் பேசவில்லை. கையை அதன்மேல் வைத்து மூடிக்கொண்டார்.

பூட்ஸைக் கொடுத்ததும் கட்டைவிரலால் தடவிப் பார்த்தார், என் தோளைத் தட்டினார். மேனேஜருக்கு மனம் குளிர்ந்துவிட்டது. “இவன் நிலைச்சா பையன்கள் நிறைய வருவாங்க. எனக்கு நிரந்தரமா ஒரு சாணைக்காரன் வேணும். வீடு உண்டு, ஃபேமிலி விசாவும் போட்டுத் தர்றேன்” என்றார். நான் அங்கேயே கிரைண்டிங் மெஷினைத் தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொண்டேன்.

கேம்ப்பில் என் ரூமில் மாணிக்கம் என்று ஒருவர். கோயமுத்தூர் மில்லில் சங்கத்துக்காரராக இருந்து வேலை போய் வந்தவர். எல்லாருக்கும் அவர் தோழர். ருஷ்யா என்றாலே அவருக்குக் கண் பளபளக்கும். நான் ஒரு ருஷ்யாக்காரரைத் தொட்டுப் பேசினேன் என்றதும் என் கையைப் பிடித்துப் பார்த்தார்.

“தம்பி, அவிய ஊர்ல சாமியும் கெடையாது, பூசாரியும் கெடையாது. உழைப்புத்தான் எல்லாமே. நீ பாட்டுக்கு உன்ற விபூதி சூடத்தையெல்லாம் கொண்டுபோயி அந்தாளு முன்னால நீட்டீராத. நம்ம மானம் போயிரும்” என்றார்.

“நான் எதுக்குண்ணே நீட்டப் போறேன்” என்றேன். (நீட்டவில்லை. அது உண்மை.)

அந்த வெள்ளிக்கிழமைதான் ஆயுத பூஜை. முந்தின நாள் கடைசியாக ஒரு தடவை கல் போட்டுத் தரச் சொல்லி பூட்ஸை என்னிடமே விட்டிருந்தார்கள். காலையில் குளித்து, முருகன் படத்துக்குப் பூப்போட்டு, என் கற்களையும் ஸ்பேனர்களையும் வரிசையாக வைத்துப் பொட்டு வைத்தேன். ஓரத்தில் இந்தப் பூட்ஸ். கை அங்கே போய் நின்றுவிட்டது.

தோல் பாகம் செருப்பு, அதற்குப் பொட்டு வைத்தால் பாவம். அடியில் இருப்பது இரும்பு. நான் சாணை பிடித்த ஆயுதம், அதுவும் என் குடும்பத்தைக் கூட்டிவரப் போகிற ஆயுதம். அதற்கு வைக்காமல் விட்டால் அதைவிடப் பாவம். ஆனால் வெளியே தெரிகிற மாதிரி வைத்தால் மேனேஜர் என்ன நினைப்பார், தோழர் என்ன சொல்வார். அப்போதுதான் அந்த வாய்க்கால் கண்ணில் பட்டது. சந்தனத்தைக் குழைத்து, குங்குமத்தைத் தாராளமாகக் கலந்து, இரண்டு கத்தியின் பள்ளத்திலும் இந்தக் கோடியிலிருந்து அந்தக் கோடிவரை இழைத்து விட்டேன். மேலே ரப்பர் உறையை மாட்டினேன். யார் கண்ணிலும் படாது, யார் மனமும் நோகாது, முருகனுக்குத் தெரிந்தால் போதும். இவ்வளவு புத்திசாலித்தனம் எனக்குள் இருந்ததே என்று அன்று காலை முழுவதும் ஆச்சரியப்பட்டுக்கொண்டிருந்தேன்.

பூட்ஸை எடுத்துக்கொண்டு கிளம்பினேன். தோழரும் கூட வந்தார், சிவப்புச் சட்டையோடு. மைதானத்துக்குள் நுழைந்ததும் எங்கள் இருவருக்கும் பல் கிடுகிடுத்தது. வெள்ளை வெளேரென்று ஐஸ், புதிதாக அடித்த சுண்ணாம்புச் சுவர் மாதிரி ஒரு பொட்டுக் கறையில்லாமல். அந்தப் பக்கம் எண்ணெய்க் கம்பெனியில் வேலை பார்க்கும் கனடாக்காரர்கள். இந்தப் பக்கம் உள்ளூர்ப் பையன்களும் செர்கேயும். நடுவில் நாற்காலியில் அர்பாப்.

செர்கேய் வாசலில் உறையைக் கழற்றிப் போட்டார். முதல் ஆளாக இறங்கினார். அரங்கம் முழுவதும் கைதட்டியது. அர்பாப்பைப் பார்த்துச் சிரித்தபடி ஒரு பெரிய வட்டம் போட்டார்.

வட்டம் முடிவதற்குள் கைதட்டல் நின்றுவிட்டது.

அவருக்குப் பின்னால் ஐஸில் ரத்தம். கோடு கோடாக, போன இடமெல்லாம், பளீரென்ற சிவப்பு. ஒரு பெண் வீறிட்டார். பின்னால் இறங்க வந்த பையன்கள் ஒருவர் மேல் ஒருவர் சாய்ந்து நின்றார்கள். அர்பாப் எழுந்துவிட்டார். மேனேஜர் சாதாரணச் செருப்போடு ஐஸுக்குள் ஓடி, விழுந்து, விழுந்த வேகத்திலேயே செர்கேயை நோக்கிச் சறுக்கிக்கொண்டு போனார்.

இதில் பெரிய கூத்து என்னவென்றால், எனக்கே புரியவில்லை. சத்தியமாகக் குங்குமம் என் நினைவில் இல்லை. நான் பிடித்த சாணை அந்த மனிதரின் காலை அறுத்துவிட்டது என்றுதான் நினைத்தேன். தோழர் என் கையை இறுக்கிப் பிடித்து, “போச்சுடா தம்பி, காலு ரெண்டும் போச்சு” என்றார். அவர் கை ஐஸைவிடச் சில்லென்று இருந்தது. நான் முருகா முருகா என்று சொல்லிக்கொண்டே இருந்தேன்.

செர்கேய் திரும்பிப் பார்த்தார். அந்த முகத்தை நான் மறக்க மாட்டேன். சட்டென்று உட்கார்ந்து அந்த முழங்காலை இரண்டு கையாலும் மூடிக்கொண்டார். முகத்தில் சொட்டு ரத்தமில்லை. (ஐஸ் முழுக்க இருந்தது.) பூட்ஸைக் கழற்றினார், சாக்ஸை உருவினார். கால் வெள்ளையாக, முழுசாக இருந்தது. இன்னொரு கால். அதுவும் முழுசு. பூட்ஸைத் திருப்பினார். பள்ளத்தில் விரலை விட்டுத் தடவி, மூக்கில் வைத்து முகர்ந்தார்.

சந்தன வாசனை.

அப்போதுதான் என் தலைக்குள் மணி அடித்தது. அவர் மெதுவாகத் தலையைத் தூக்கி, சுற்றி இருந்த ஒவ்வொரு முகமாகப் பார்த்துக்கொண்டே வந்தார். அந்த அரங்கத்தில் அதே நிறம் இருந்தது ஒரே ஒரு நெற்றியில். நான் கையால் மறைத்துக்கொண்டேன். கை முழுக்கவும் காலையில் குழைத்த சிவப்பு.

“இவன் கிறுக்கன். கலாஸ், முடிஞ்சது. நாளைக்கே இவன் விசாவைக் கேன்சல் பண்ணி ஊருக்கு அனுப்பச் சொல்றேன்” என்று மேனேஜர் ஐஸில் உட்கார்ந்தபடியே கத்தினார். பிறகு வண்டியைக் கொண்டுவரச் சொன்னார். அந்த மைதானத்தில் ஐஸைச் சுரண்டித் தண்ணீர் ஊற்றிச் சமன்படுத்த ஒரு வண்டி உண்டு. அது போன இடமெல்லாம் கோடுகள் மறைந்தன. கூடவே அந்தச் சிவப்பு தண்ணீரில் கரைந்து, மைதானம் முழுவதும் ரோஸ் நிறமானது, கல்யாண வீட்டு ரோஸ்மில்க் மாதிரி. தோழர் தலையில் கை வைத்துக்கொண்டார். “சாமியே இல்லாத ஊர்க்காரனுக்கு பொட்டு வச்சுட்டியேடா” என்று சொல்லிவிட்டு என்னைவிட்டு நாலு நாற்காலி தள்ளிப் போய் உட்கார்ந்தார்.

ரோஸ் ஐஸில்தான் மேட்ச் நடந்தது. நான் அதில் எதையும் பார்க்கவில்லை. தலையைக் குனிந்து, செல்விக்கு என்ன சொல்வது என்று யோசித்துக்கொண்டிருந்தேன். அரங்கம் அதிர அதிரக் கத்தியது மட்டும் காதில் விழுந்தது.

மறுநாள் ஒர்க்‌ஷாப்பில் பெட்டியைக் கட்டி வைத்துக் காத்திருந்தேன். மேனேஜர் வந்தார், பின்னாலேயே செர்கேய். கையில் பூட்ஸ், தோளில் ஆட்ட மட்டை. அடிக்கத்தான் வருகிறார் என்று கண்ணை மூடிக்கொண்டேன். அவர் பூட்ஸை என் மேஜைமேல் வைத்து, என் நெற்றியைக் காட்டினார். பிறகு பூட்ஸைக் காட்டினார். எனக்கு ஒன்றும் புரியவில்லை.

மேனேஜர் தரையைப் பார்த்துக்கொண்டே சொன்னார். “முழங்கால் போனதுக்கப்புறம் இவ்வளவு கோல் ஒரே ஆட்டத்துல போட்டதில்லையாம். அர்பாப் கையெழுத்துப் போட்டுட்டார். ஆனா இனி அந்தச் சிவப்பு இல்லாம ஐஸ்ல இறங்க மாட்டேங்கறான். இடது பூட்ஸைத்தான் முதல்ல போடுவான், அந்த மாதிரி இவனுக்கு ஆயிரம் நம்பிக்கை. ஐஸ்ல மட்டும் வேண்டாம், உன் சாமிமேல ஆணையா வேற எங்கேயாவது வை.”

பெட்டியைக் கட்டியபோதுகூட எனக்கு அப்படித் தூக்கிவாரிப்போடவில்லை. தோல் பாகத்தில் வைத்தால் பாவம், கத்தியில் வைத்தால் மேனேஜர். கடைசியில் செர்கேயின் மட்டையை வாங்கி, கை பிடிக்கிற நுனியில் ஒரு சின்னப் பொட்டு வைத்தேன். செர்கேய் அதை முத்தமிட்டுவிட்டுப் போனார். விஷயம் தெரிந்ததும் தோழர் அன்று சாப்பிடவில்லை. ருஷ்யாவுக்கு ஏதோ ஆகிவிட்டது என்று மட்டும் சொன்னார்.

நான் மைதானத்துச் சாணைக்காரன் ஆனேன். காகிதங்கள் நகர்ந்து நகர்ந்து, செல்வியும் குழந்தையும் விமானத்தில் வந்து இறங்கினார்கள். துபாய்க்குப் பக்கத்தில் அஜ்மானில் வீடு. பெண் அங்கேயே பள்ளிக்கூடம் போனாள். பென்குவின் நிற்கும் பனிமலைப் படத்துக்கு வர்ணம் தீட்டச் சொன்னதற்கு, மலை முழுவதும் ரோஸ் அடித்துவிட்டு வந்தாள். ஏன் என்று டீச்சர் கேட்டதற்கு, “மிஸ், ஐஸ் பிங்க்தான். எங்கப்பாதான் செஞ்சாங்க” என்றாளாம். என்னைப் பள்ளிக்கூடத்துக்குக் கூப்பிட்டு விளக்கம் கேட்டார்கள். எனக்குத் தெரிந்த இங்கிலீஷில் விளக்கினேன். வீட்டில் ஏதாவது பிரச்சனையா என்று அந்த டீச்சரம்மா செல்வியைத் தனியாகக் கேட்டார்.

அந்தப் பெண்ணுக்கு இப்போது ஒரு மகன் இருக்கிறான். ஆயுத பூஜையன்று நான் குங்குமத் தட்டோடு பூஜையறையை விட்டு வெளியே வந்தால் போதும், அவன் ஓடிப்போய் ஃப்ரிட்ஜ் கதவில் முதுகைச் சாத்திக்கொண்டு நிற்பான். “தாத்தா, இங்க வராதீங்க, உள்ள ஐஸ் இருக்கு” என்பான்.