கோபத்துக்கு நான்கு கோட்பாடுகள்

"நேராப் போய்க் கேட்டுடுங்களேன், சார்."

"கேட்கக் கூடாதும்மா. நேராக் கேட்டா ஜனங்க நிஜத்தைச் சொல்ல மாட்டாங்க. கேக்கறவங்களுக்கு எது பிடிக்குமோ அதைத்தான் சொல்லுவாங்க. எங்க துறையில இது பாலபாடம்."

"அவங்க ஜனங்க இல்லையே சார். உங்க வீட்டம்மா."

கல்லூரி நூலகத்து அம்மாள் இதைச் சொல்லிவிட்டு, புதுப் புத்தகங்களுக்கு முத்திரை குத்தும் வேலையைத் தொடர்ந்தார். எதிரே சமூக உளவியல் பேராசிரியர் நாற்காலி நுனியில் உட்கார்ந்திருந்தார். சட்டையில் ஒரு பொத்தானை மாற்றிப் போட்டிருந்தார்.

அவருடைய மனைவி வீட்டை விட்டுப் போய் ஐந்து நாளாகிறது. தொடக்கப் பள்ளி ஆசிரியை. பஸ்ஸில் இருபது நிமிஷத் தூரத்தில், தங்கை வீட்டில் இருக்கிறாள். போன் செய்தால் எடுக்கிறாள். மூச்சு மட்டும் கேட்கிறது. பிறகு வைத்துவிடுகிறாள்.

"போகும்போது என்ன சொல்லிட்டுப் போனாங்க?"

"அங்கதான் சிக்கல்" என்றார் பேராசிரியர்.

திங்கட்கிழமை காலையில் அவள் பையும் கையுமாக அவர் மேஜை அருகே வந்து நின்றாள். சாக்பீஸ் தூள் படிந்த அந்தப் பையின் வார்கூட இப்போது கண்முன் நிற்கிறது. நெடுநேரம் ஏதோ சொன்னாள். அவர் ஏழு வருஷமாக எழுதிவரும் 'சமூக உளவியல்: கோட்பாடுகளின் வரலாறு' நூலின் கடைசி அத்தியாயத்தில் இருந்தார். மற்றவர் செய்வதற்கு அவருடைய குணத்தைக் காரணம் சொல்கிறோம், நாம் செய்வதற்கு மட்டும் சூழ்நிலையைக் காரணம் சொல்கிறோம் என்ற கோட்பாடு. வாக்கியம் பாதியில் நின்றது. "ம்" என்றார். அவள் மறுபடியும் ஏதோ கேட்டாள். "ம், ம், சரி" என்றார். கதவு சாத்தும் சத்தம் கேட்டபோது வாக்கியம் முடிந்திருந்தது.

"'ஏன் போனே?'ன்னு கேட்டா, நான் அன்னைக்கு எதையும் கேட்கலைன்னு தெரிஞ்சுடும். இருபத்திரண்டு வருஷமா நான் கேட்டுக்கிட்டு இருக்கறதா அவ நம்பிட்டிருக்கா."

"அப்ப என்னதான் செய்யப் போறீங்க?"

"அவளுக்குக் கோபம். பிடிவாதக்காரி. மனசை மாத்தணும். மனசை எப்படி மாத்தறதுன்னு உலகம் பூரா ஆராய்ச்சி பண்ணி வச்சிருக்காங்க. அத்தனையும் என் புத்தகத்துல இருக்கு."

நூலகத்து அம்மாள் முத்திரையை ஓங்கிக் குத்தினார்.

முதலில் கூட்டத்தின் சொல். ஒருவன் தப்பாகச் சொன்னால் சிரிப்போம். சுற்றியிருக்கும் அத்தனை பேரும் அதே தப்பைச் சொன்னால் நம் கண்ணையே சந்தேகிப்போம். பேராசிரியர் பக்கத்து வீட்டுக்காரர், மாடி வீட்டு நர்ஸ், தன் மாணவி ஒருத்தி என்று மூன்று பேரைப் பிடித்தார். அரைமணி நேர இடைவெளியில் மூவரும் மனைவிக்குப் போன் செய்து, "ஆள் பாதியா இளைச்சுட்டார்ங்க" என்றார்கள்.

சாயங்காலம் மச்சினியே கூப்பிட்டாள்.

"அத்தான், என்ன இது ஆள் வச்சுப் போன் பண்றீங்க? நர்ஸம்மா பேசினதும் அக்கா வாய்விட்டு அலறிட்டா. இனிமே எல்லாம் முதல்லேர்ந்துதான்."

"முதல்லேர்ந்தா?"

"பின்னே? நீங்க கொஞ்ச நாள் சும்மா இருந்தாலே போதும், தானாச் சரியாயிடும். உங்களுக்குத் தெரியாததா?"

தெரியாது என்று எப்படிச் சொல்வது? "தெரியும், தெரியும்" என்றார் பேராசிரியர். ஆறப் போட்ட கோபம் மறுபடி கொதிக்கத் தொடங்கிவிட்டது என்று புரிந்துகொண்டார்.

அடுத்த அத்தியாயம் மனமுரண்பாடு. மனம் ஒன்று நினைக்க, வாய் வேறு சொன்னால் மனிதனால் தாங்க முடியாது. சொன்ன சொல்லைத் திரும்பப் பெற முடியாது; ஆகவே மனம் மெல்ல வாயின் பக்கம் வந்து சேரும். அவள் வாயால் தன்னைப் பற்றி ஒரே ஒரு நல்ல வார்த்தை வந்துவிட்டால் போதும்.

மறுநாள் போனில், "நீ ஒண்ணும் பேச வேண்டாம்" என்று குழைந்தார். "என்னைப் பத்தி நல்லதா ஒரே ஒரு வார்த்தை. புத்தகத்துக்காக. ஒரே வார்த்தை, கண்ணு."

அந்தப் பக்கம் வெகுநேரம் மூச்சு. பிறகு கரகரவென்று, "நல்..."

ஒரு இருமல். தொடர்ந்து இரண்டு. யாரோ போனைப் பிடுங்கினார்கள்.

"அத்தான்! உங்களுக்கு ஈவு இரக்கமே கிடையாதா?" மச்சினி போனை வைத்துவிட்டாள்.

பேராசிரியர் வெறும் போனைக் காதில் வைத்தபடியே நின்றார். இருபத்திரண்டு வருஷத்துக்கு ஒன்றரை எழுத்து. அதற்கு மேல் அவளால் முடியவில்லை.

வீடு சத்தமில்லாமல் இருந்தது. அவள் இருந்தால் அடுப்போடு பேசுவாள், பழுதான குழாயைத் திட்டுவாள், மாணவர்களின் நோட்டுகளைத் திருத்திக்கொண்டே ஒவ்வொரு குழந்தையின் வீட்டுக் கதையையும் சொல்வாள். அந்தக் கதைகளில் ஒன்றையாவது நினைவுபடுத்திப் பார்க்க முயன்றார். ஒன்றுகூட முழுசாக வரவில்லை. ஒரு குழந்தைக்கு எப்போதும் மூக்கு ஒழுகும் என்பது மட்டும் வந்தது. அதன் பெயரைக்கூட அவள் நூறு தடவையாவது சொல்லியிருப்பாள்.

மிச்சம் இருந்தது அதிகாரம். உத்தரவிடுபவர் அதற்குரிய தோரணையோடு இருந்தால், நல்லவர்கள்கூடக் கேள்வி கேட்காமல் சொன்னதைச் செய்வார்கள். பேராசிரியருடைய நண்பர் வேதியியல் பேராசிரியர். நரைத்த தலை, இடி மாதிரிக் குரல். மனைவி அவரைப் பார்த்ததில்லை.

"கோட்டைக் கழட்டாம அப்படியே போ."

"ஆய்வகக் கோட்டாடா? அமிலக் கறை இருக்கு."

"இருக்கட்டும். வெள்ளைக் கோட்டுல இருக்கு விஷயம். போய், 'வாயைத் திறந்து பேசும்மா'ன்னு கண்டிப்பாச் சொல்லு."

ஒரு மணி நேரத்தில் நண்பர் வியர்க்க விறுவிறுக்கத் திரும்பி வந்தார்.

"உன் சகவாசமே வேண்டாம்டா. உள்ள போய் நீ சொன்னதைச் சொன்னேன். உன் வீட்டம்மா என்னைப் பார்த்து வாயைப் பிளந்து 'ஆ...'ன்னு கத்தறாங்க."

"கத்தினாளா?"

"நாக்கை வேற நீட்டினாங்க. நல்லா, கடைசி வரைக்கும். அப்புறம் அவங்க தங்கச்சி என்னை யார்னு விசாரிச்சுத் துரத்திட்டாங்க."

பேராசிரியர் தலையில் கை வைத்துக்கொண்டார். எதிர்த்து ஒரு சொல் பேசாதவள், அறிமுகமில்லாத மனிதரிடம் பழிப்புக் காட்டுகிறாள். அவளை இந்த நிலைக்கு ஆளாக்கியது யார்?

பதினோராவது நாள் அவர் கல்லூரிக்குப் போகவில்லை. கையெழுத்துப் பிரதியை மேஜையிலேயே விட்டுவிட்டுப் பஸ் ஏறினார். இந்த முறை எந்த அத்தியாயமும் கைவசம் இல்லை. ஜன்னலோரம் உட்கார்ந்து, மன்னிப்புக் கேட்கும் முதல் வாக்கியத்தைத் தேடினார். இறங்கும் வரை கிடைக்கவில்லை.

மச்சினி கதவைத் திறந்தாள். உள்ளே ஜன்னல் பக்கத்தில் மனைவி உட்கார்ந்திருந்தாள். மடியில் பள்ளிக்கூடச் சிலேட்டு. அவரைப் பார்த்ததும் அவள் முகம் மலர்ந்தது. பேராசிரியர் தரையைப் பார்த்துக்கொண்டிருந்ததால் அதைக் கவனிக்கவில்லை.

"உன் கோபம் நியாயம்தான்" என்றார். "எத்தனை நாள் வேணாலும் பேசாம இரு. நான் அதுக்குத் தகுதியானவன்தான். ஆனா வீட்டுக்கு வந்து பேசாம இரு."

மனைவி திகைத்துப் போய் வாயைத் திறந்தாள். மச்சினி பாய்ந்து அவள் வாயைப் பொத்தினாள்.

"கோபமா? என்ன கோபம் அத்தான்? கிளாஸ்ல கத்திக் கத்தித் தொண்டை புண்ணாயி, பதினாலு நாள் ஒரு வார்த்தை பேசக் கூடாது, பேசினா மறுபடி முதல்லேர்ந்துன்னு டாக்டர் சொல்லியிருக்காரே! வீட்ல இருந்தா அடுப்போடகூடப் பேசிடுவான்னுதானே இங்க வந்து இருக்கா! 'கிளம்பும்போது அவர்கிட்ட எல்லாத்தையும் விவரமாச் சொன்னேன், சரின்னார்'னு சிலேட்டுல எழுதி எழுதிக் காட்டறா. நான்தான், அத்தான் காதுல விழுந்திருக்காதுக்கான்னு இத்தனை நாளா இவகூடச் சண்டை போட்டுக்கிட்டு இருக்கேன். அவளே எதிர்ல இருக்கா, பார்த்துச் சொல்லுங்க அத்தான்... அன்னைக்கு அக்கா சொன்னதையெல்லாம் நீங்க கேட்டீங்கதானே?"