புஸ்பவதி சொன்ன நெருப்பு எறியிற சாமான்

ஸ்டுட்கார்ட்,
புதன்கிழமை

பெருமதிப்புக்குரிய விமலநாதன் அண்ணை அவர்களுக்கு,

சம்மந்தி என்று தொடங்கத்தான் பேனையை எடுத்தேன். இன்றைய நிலைமையில் அந்தச் சொல்லுக்கு எனக்கு உரிமை உண்டோ என்று தெரியாததால் அண்ணை என்றே எழுதுகிறேன். நாங்கள் மூவரும் இங்கே சுகம். நீங்களும் சந்திரகாந்தி அக்காவும் மகன் தபோதரனும் பான் நகரில் சுகமாக இருப்பதாக எடுத்துக்கொள்கிறேன்; ஞாயிற்றுக்கிழமைக்குப் பிறகு நீங்கள் போன் எடுக்காததால் அப்படி எடுத்துக்கொள்வதைத் தவிர எனக்கு வேறு வழியில்லை. கடந்த சனிக்கிழமை எங்கள் மகள் மிதுசாவைப் பார்க்க நீங்கள் குடும்பமாக வந்தபோது, எங்கள் தெருமுனையில் பொலிஸ் உங்கள் காரை மறித்து, உள்ளே ஒரு வீட்டில் போர் ஆயுதம் இருப்பதாகச் சந்தேகம், திரும்பிப் போங்கள் என்று சொன்னதாக அறிகிறேன். அது முழுப் பொய்யில்லை, முழு உண்மையும் இல்லை. நடந்ததை ஒளிக்காமல் எழுதுகிறேன். பிறகு உங்கள் விருப்பம்.

எங்கள் தெருவில் ஒரு வழக்கம் உண்டு. கிழமைக்கு ஒரு வீட்டுக்காரர் முறை வைத்து நடைபாதையைத் துப்புரவாக்க வேண்டும். கேர்வோஹ என்பார்கள். நீங்கள் வர இருந்த கிழமை எங்கள் முறை. பக்கத்து வீட்டு ஹெர் ஹேபர்லெ, நடைபாதைக் கற்களுக்கிடையில் முளைத்திருந்த ஒரு புல்லைப் படம் எடுத்துத் தெரு வாட்ஸ்அப் குழுவில் போட்டார். படத்தின் கீழே ஒன்றும் எழுதவில்லை. புல்லுக்குப் பின்னால் என் செருப்பு தெரிந்தது, அது போதுமென்று நினைத்திருப்பார். எனக்கு முழங்கால் வருத்தம், குனிந்து பிடுங்க முடியாது. என் மனைவி புஸ்பவதிக்கோ உங்களைப் பற்றியே யோசனை. "மாப்பிளை வீட்டுக்காரர் வாசல்ல கால் வைக்கேக்க புல்லு நிண்டா என்ன நினைப்பினம்? இஞ்சாருங்கோ, கடையில அந்த நெருப்பு எறியிற சாமான் விக்கிறாங்கள் எல்லோ, அதை வேண்டிக்கொண்டு வாங்கோவன்" என்றா. வாங்கி வந்தேன். கைத்தடி நீளத்தில் ஒரு குழாய், அதன் பிடியில் சின்னக் காஸ் போத்தல். நுனியில் வரும் சுவாலை ஒரு சாண்தான் என்று பெட்டியில் படம் போட்டிருந்தது.

அத்தோடு நின்றிருக்கலாம். ஆனால் ஒரு நல்ல சாமான் கைக்கு வந்தால் நாலு பேருக்கு உதவ வேண்டுமென்ற எண்ணம் எனக்கு எப்போதும் உண்டு, அதனால் பட்டதும் அதிகம். வெள்ளிக்கிழமை பின்னேரம் தெருக்குழுவில் எல்லோருக்கும் ஒரு அறிவித்தல் எழுத உட்கார்ந்தேன். அந்தச் சாமானின் பெயர் நினைவுக்கு வரவில்லை. பெட்டி கீழ் அறையில். படி இறங்கினால் முழங்கால் பிடிக்கும். ஆகவே புஸ்பவதி சொன்னதை அப்படியே ஜெர்மனுக்கு மாற்றினேன். சுவாலை என்றால் பிளாமெ, எறிதல் என்றால் வெர்ஃபன். இரண்டையும் சேர்த்தால் பிளாமென்வெர்ஃபர். போனே அந்தச் சொல்லைப் பிழை காட்டாமல் ஏற்றுக்கொண்டது, எனக்குச் சந்தோஷம். நான் எழுதியது இவ்வளவுதான்: "அன்பான அயலவர்களே, நான் பிளாமென்வெர்ஃபர் வாங்கியிருக்கிறேன். நாளை காலை எல்லோரிடமும் வருகிறேன். ஒரு வீட்டையும் விடமாட்டேன். பயப்பட வேண்டாம், இலவசம்." கலியாணம் சொல்லப் போகிறபோது ஒரு வீட்டையும் விடமாட்டோம் என்று நாங்கள் சொல்வதில்லையா அண்ணை? அந்த அன்பில் எழுதினேன். ஜெர்மனில் அது ஒரு வீடும் மிஞ்சாது என்று விழுந்துவிட்டது. இது எனக்கு மிதுசா சொல்லித்தான் தெரியும், அதுவும் பொலிஸ் போன பிறகு.

சனிக்கிழமை காலை பற்றிஸ் பலகாரம் பொரித்து அடுக்கியாயிற்று, நான் வேட்டி கட்டி வாசலில் நின்றேன். இரண்டு பெரிய வான்கள் வந்து நின்றன. மாப்பிள்ளை வீட்டார் வான் பிடித்து ஆட்களோடு வந்துவிட்டார்கள் என்று நினைத்துக் கைகூப்பினேன். குத்துவிளக்கு ஏற்ற புஸ்பவதி லைட்டரும் கையுமாக ஓடிவந்தா. இறங்கியவர்கள் பொலிஸார். லைட்டரைக் கண்டதும் எல்லோரும் ஒரேயடியாக வானுக்குப் பின்னால் போனார்கள். கையைத் தூக்கச் சொன்னார்கள், கூப்பியபடியே தூக்கினேன். பிரித்துத் தூக்கு என்றார்கள். புஸ்பவதி லைட்டரைக் கீழே போட்டுவிட்டு, "ஐயோ, நான் விளக்குக் கொளுத்த வந்தனான்" என்று தமிழில் சொன்னா. அதை அவர்கள் எப்படி விளங்கிக்கொண்டார்களோ தெரியாது. பொறுப்பாக வந்த பொலிஸ் அம்மா, சாமான் எங்கே என்று கேட்டா. கீழ் அறையில் என்றேன். நிரப்பி இருக்கிறதா என்றா. நிறைய இருக்கிறது என்றேன். யாருக்காக வைத்திருக்கிறாய் என்றா. புல்லுக்கு என்றேன். நான் சொன்ன ஒவ்வொரு உண்மையும் நிலைமையை மோசமாக்கியது. அந்த நேரத்தில்தான் நீங்கள் தெருமுனையில் நின்றிருக்க வேண்டும்.

கவசம் போட்ட மூன்று பேர் கீழே போய், ஒருவர் இரண்டு விரலால் அதைப் பிடித்துக்கொண்டு மேலே வந்தார். பொலிஸ் அம்மா பெட்டியை வாசித்துவிட்டுச் சிரிக்காமல் இருக்கப் பாடுபட்டா. இதன் பெயர் உன்க்ரவுட்பிரென்னர், களை எரிப்பான். நீ எழுதியது சட்டத்தில் போர் ஆயுதப் பட்டியலில் இருக்கும் சாமான் என்று விளக்கினா. அண்ணை, ஊரில் ஆயுதம் தூக்க மனமில்லாமல் தப்பி வந்து இந்த நாட்டில் அடைக்கலம் கேட்டவன் நான். அறுபத்துநான்கு வயதில், பேரப்பிள்ளையைத் தூக்க வேண்டிய நேரத்தில், என் பெயரில் முதல் ஆயுதம் பதிவாகப் பார்த்தது. அயலட்டை முழுக்க யன்னலில் நின்றது. எனக்கு வெட்கமாக இருந்தது, பயமாகவும் இருந்தது.

மறுநாள் நீங்கள் போனில், "சாதகத்தில செவ்வாய் கொஞ்சம் பிழையாக் கிடக்கு, பாப்பம்" என்றீர்கள். செவ்வாய் நெருப்புக் கிரகம் என்பது எனக்கும் தெரியும். குத்திக்காட்டுகிறீர்கள் என்று விளங்கியது. ஆகவே உண்மையான பிளாமென்வெர்ஃபர் எது, என் சாமான் எது என்று நீங்களே ஒப்பிட்டுப் பார்க்கட்டும் என்று நகர நூலகத்துக்குப் போனேன். பழைய பைசாந்தியத்தார் கப்பலில் குழாய் பூட்டி எதிரியின் மேல் நெருப்பைப் பீச்சியிருக்கிறார்கள். இப்போதைய கருவியைச் சென்ற நூற்றாண்டின் தொடக்கத்தில் பெர்லினில் ஒரு பொறியியலாளர் செய்து இராணுவத்திடம் காட்டினார். முதலாம் உலகப் போரில், 1915இல், வெர்டன் பக்கம் பிரெஞ்சுக்காரரின் பதுங்குகுழிகளுக்கு அதை அடித்தார்கள், அந்தக் கோடையிலேயே பெல்ஜியத்தில் ஆங்கிலேயருக்கும் அடித்தார்கள். அந்தப் படைக்குத் தலைமை தாங்கியவர் யார் தெரியுமா? லைப்சிக் நகரத் தீயணைப்புப் படையின் தலைவர்! நெருப்பைப் பற்றித் தெரிந்தவர் வேண்டும் என்று தேடியிருப்பார்கள் போலும். ஒருவர் முதுகில் எண்ணெய்த் தாங்கி, இன்னொருவர் கையில் குழாய். நெருப்பு போகும் தூரம் ஏறக்குறைய ஒரு கிரிக்கெட் பிட்ச். அவ்வளவு கிட்டப் போக வேண்டியிருந்ததால் எல்லோரும் அந்த ஆளைத்தான் முதலில் சுட்டார்கள். நெருப்பை விடப் பயம்தான் அதிக வேலை செய்ததாம், கண்டவுடன் குழியை விட்டு ஓடினார்களாம். இதை நான் நம்புகிறேன். எங்கள் தெருவில் வெறும் சொல்லே அந்த வேலையைச் செய்தது. இரண்டாம் போரில் யுத்தத் தாங்கிகளில் பூட்டினார்கள், பசிபிக் தீவுகளில் குகைகளுக்குள் அடித்தார்கள், வியட்நாமிலும் அடித்தார்கள். பிறகு அமெரிக்க இராணுவம் வேண்டாமென்று கைவிட்டது, 1980இல் எரியூட்டும் ஆயுதங்களுக்கு உலக நாடுகள் கட்டுப்பாடு போட்டன. குகைகளைப் பற்றிய பக்கத்தை இன்னொருமுறை பார்த்துவிட்டு நான் புத்தகத்தை மூடிவிட்டேன். என்னுடையது ஒரு சாண் அண்ணை, ஒரே ஒரு சாண்.

இப்போது என் கேள்விக்கு வருகிறேன். இதில் மிதுசாவின் பிழை என்ன? அவள் தபோதரனை இன்னும் ஒருமுறைகூடக் கண்டதில்லை, அப்படியிருந்தும் சனிக்கிழமையிலிருந்து சாப்பாட்டைக் கிண்டிவிட்டு எழும்பிப் போகிறாள். "அப்பா, அவைக்கு ஒரு கடிதம் எழுதுங்கோ, கெதியா எழுதுங்கோ" என்று மட்டும் சொல்கிறாள். என் ஜெர்மனுக்காக என் பிள்ளையைத் தண்டிக்காதீர்கள். அந்தச் சாமானை நான் இன்றுவரை ஒருமுறைகூடக் கொளுத்தியதில்லை. இன்று கடையில் திருப்பிக் கொடுத்துவிடுவேன். தெருக்குழுவிலிருந்தும் விலகிவிட்டேன், அதாவது விலக்கிவிட்டார்கள். நீங்கள் மனம் வைத்து இன்னொரு சனிக்கிழமை வர வேண்டும். புல்லோடு வரவேற்கிறோம்.

நல்லூர்க் கந்தன் உங்கள் வீட்டாரை நோய்நொடி, தவறான மொழிபெயர்ப்பு எதுவும் அண்டாமல் காக்கட்டும். சந்திரகாந்தி அக்காவுக்குப் புஸ்பவதியின் அன்பு. தபோதரனுக்கு என் ஆசி. மாமனார் முறையில் இல்லை, தற்போதைக்குப் பொதுவான ஆசி.

இப்படிக்கு,
உங்கள் பதிலுக்கு வாசலில் நிற்கும்
குணசேகரம்

பி.கு.: உறையை ஒட்டுமுன் கடைக்குப் போய்வந்தேன். பாவித்த சாமானைத் திருப்பி எடுக்க மாட்டார்களாம், நுனி கறுத்திருக்கிறதாம். முந்தநாள் ஒரேயொரு தரம் கொளுத்திப் பார்த்தது உண்மை. ஹெர் ஹேபர்லெயின் வேலியில் ஒரு பக்கம் மட்டும்தான் போனது. வந்த தீயணைப்புத் தலைவர் நல்ல மனிதர், லைப்சிக் கதையை நின்று கேட்டார். ஆகவே சாமான் இப்போது என் காரில் இருக்கிறது. உங்கள் பின்முற்றத்துக் கற்களுக்கிடையில் புல் மண்டிக் கிடப்பதாக மிதுசா சொன்னாள். வருகிற சனிக்கிழமை நானே கொண்டுவருகிறேன். பயப்பட வேண்டாம், இலவசம். பிள்ளை, நீ எப்போது அவர்களின் பின்முற்றத்தைப் பார்த்தாய் என்று கேட்டேன். "போன கோடையிலயும் அதே புல்லுத்தான் அப்பா நிண்டது" என்றாள். புஸ்பவதி மேற்கொண்டு கேட்க வேண்டாமென்று கண்ணைக் காட்டினா. எனவே, சம்மந்தி, செவ்வாயைப் பற்றி நாம் இருவரும் இனிக் கதைத்து ஒன்றும் ஆகப்போவதில்லை.