சவாரி தெரிந்த கஸ்பார்

1976ஆம் ஆண்டு டிசம்பர் மாதம், லிட்டில் அந்தமான் தீவின் ஹட் பே கரைக்கு, தபால் கொண்டுபோவதற்காக ஒரு வெள்ளைக் குதிரை வந்து சேர்ந்தது.

கப்பல் கரைவரை வராது. தள்ளி நங்கூரம் போட்டு நின்றுகொண்டு ஆட்களையும் அரிசி மூட்டைகளையும் டிங்கி என்கிற சிறு படகில் இறக்கும். குதிரை டிங்கியில் நிற்க மறுத்தது. வயிற்றுக்குக் கீழே கித்தான் பட்டை கட்டித் தூக்கி, கடலில் விட்டார்கள். அது டிங்கியின் பின்னாலேயே நீந்தி வந்து கரையேறி, உடம்பைச் சிலிர்த்தது. தண்ணீர் முழுவதும் கஸ்பாரின் மேல் விழுந்தது.

"சனியனே!" என்றார் கஸ்பார்.

"திட்டாதய்யா. இனிமே இதுதான் உன் வண்டி" என்றார் போஸ்ட்மாஸ்டர் ஜம்புலிங்கம்.

கஸ்பார் தபால் ரன்னர். கப்பல் வரும் நாளில் தபால் பையைத் தோளில் போட்டுக்கொண்டு, காட்டுப் பாதை வழியாக எண்ணெய்ப்பனைத் தோட்டக் குடியிருப்புக்குக் கொண்டுபோய்க் கொடுப்பது வேலை. பாதி வழியில் மரம் ஏற்றும் லாரி வரும், ஏறிக்கொள்வார். பை மதியத்துக்குள் போய்விடும். கப்பல் வருவதே பதினைந்து நாளைக்கு ஒரு தடவை. அந்தத் தபாலை ஒரு மணி நேரம் முன்னதாகக் கொடுக்க வேண்டும் என்று மெயின்லாண்டில் யாரோ ஒருவருக்குத் தோன்றியிருந்தது. அவர் இந்தத் தீவைப் பார்த்ததில்லை.

ஜம்புலிங்கம் குதிரையோடு வந்த உத்தரவைப் படித்தார். "இனிமே இது குதிரை லைன். ரன்னர் கிடையாது, சவாரிக்காரர்தான். கஸ்பாரு, உனக்குச் சவாரி தெரியுமில்ல?"

கஸ்பார் மணப்பாட்டுக்காரர். கட்டுமரம் தெரியும், வலை தெரியும். குதிரையைக் கோயில் சுரூபத்தில் பார்த்திருக்கிறார். அதன்மேல் புனிதர் சந்தியாகப்பர் உட்கார்ந்திருப்பார். அந்தக் குதிரை நகராது.

ஆனால் ஹட் பேயில் 'தெரியாது' என்று யாரும் சொல்வதில்லை. 'தச்சு வேலை தெரியுமா' என்று கேட்டபோது தெரியும் என்றவர்கள் தச்சர்கள் ஆனார்கள். 'கரண்டு வேலை தெரியுமா' என்று கேட்டபோது தெரியும் என்றவன் இரண்டு முறை தூக்கி எறியப்பட்டு, மூன்றாம் முறை எலெக்ட்ரீஷியன் ஆனான். தெரியாது என்று சொன்னவர்கள் அடுத்த கப்பலில் ஊர் திரும்பினார்கள். கஸ்பார் நான்கு வருடமாக டெம்பரவரி. பெர்மனென்ட் ஆகாவிட்டால் குவார்ட்டர்ஸ் இல்லை. மழையில் ஒழுகும் தார்ப்பாய்க் கொட்டகைதான்.

"அடுத்த கப்பல்ல இன்ஸ்பெக்டர் வர்றாரு. உன் பெர்மனென்ட் விஷயமாத்தான்" என்றார் ஜம்புலிங்கம்.

"தெரியும் சார். நல்லாவே தெரியும்" என்றார் கஸ்பார்.

முதல் நாள் அவர் குதிரையின் முதுகில் பையை வைத்தார். குதிரை பையைத் தள்ளிவிட்டது. கடைசியில் பையைத் தானே சுமந்துகொண்டு, கயிற்றைப் பிடித்துக் குதிரையை நடத்திக்கொண்டு போனார். பின்னால் வந்த லாரியிலிருந்து வங்காளி டிரைவர் எட்டிப் பார்த்தான்.

"அரே கஸ்பார் பாய்! கோடே கோ குமானே லே ஜா ரஹே ஹோ க்யா?"

குதிரைக்கு ஊர் சுற்றிக் காட்டப் போகிறாயா என்று வங்காளத்தான் கேட்டதில் கஸ்பாருக்குக் கோபம் உச்சந்தலை வரை ஏறியது. "ஜா ஜா! அப்னா காம் கர்!" என்று, உன் வேலையைப் பார்த்துக்கொண்டு போ என்கிற அர்த்தத்தில் கத்தினார். லாரி போய்விட்டது. அதில் இடமும் இருந்தது.

வீட்டுக்கு வந்து மனைவி ரோசலினிடம் கத்தினார். "பையத் தூக்குறது நான். இது சும்மா கூட வருது, மாப்பிள்ளத் தோழன் மாதிரி!"

ரோசலின் அதைக் கேட்கவில்லை. முக்காடு போட்டுக்கொண்டு குதிரையைப் பார்த்துக்கொண்டு நின்றாள். "வெள்ளைக் குதிரைலா? சந்தியாகப்பருக்க குதிரை. உங்களுக்கு வேலை நெலைக்கணும்னு நான் அவர்ட்டத்தான் நேர்ந்திருக்கேன். நீங்க அத ஏசுதிய!"

மறுநாள் அவள் குதிரைக்கு ஊற வைத்த கொண்டைக்கடலை கொடுத்தாள். அவளைப் பார்த்து மற்ற கடற்கரைக் குடும்பங்களும் கொடுத்தன. தோட்டக் குடியிருப்பில் இருந்த மற்றவர்கள் அது ஐயனார் குதிரை என்று சொல்லி வெல்லம் கொடுத்தார்கள். ஒரே வாரத்தில் குதிரை எந்த வாசலையும் சும்மா தாண்டுவதில்லை என்று முடிவு செய்துவிட்டது. ஒவ்வொரு வீட்டிலும் நின்றது, கொடுக்கும்வரை நின்றது. அடுத்த கப்பலின் தபால் இருட்டிய பிறகு போய்ச் சேர்ந்தது. அந்தக் கப்பலில் இன்ஸ்பெக்டர் வரவில்லை. கடல் சரியில்லையாம்.

"குதிரை வந்து தபால் லேட்டாகுதுன்னு தோட்டத்து மேனேஜர் கம்ப்ளெயின்ட் கொடுத்திருக்காரு!" என்றார் ஜம்புலிங்கம். "உனக்குச் சவாரி தெரியுமா தெரியாதாய்யா?"

"தெரியும் சார்! குதிரைக்குத்தான் தெரியல!"

டீக்கடையில் சண்முகம் என்பவர் அகப்பட்டார். திண்டுக்கல்லில் ஜட்கா ஓட்டியவர் என்று பேர். தோட்டத்தில் நாற்றுக்குத் தண்ணீர் விடுகிறவர்.

"குதிரைக்கு நம்ம பயம் தெரியக்கூடாதுண்ணே. ஏறி உக்காருங்க. காலை வயித்துக்குக் கீழ சேத்துக் கட்டிரலாம். விழவே மாட்டீங்க."

அதற்கடுத்த கப்பல் தபாலோடு வந்த அன்று நைலான் கயிற்றால் கட்டினார்கள். பையையும் கட்டினார்கள். பாதையின் திருப்பத்தில், மரம் இழுக்கும் யானை ஒன்று கட்டையோடு வந்தது. குதிரை அதற்குமுன் யானையைப் பார்த்ததில்லை. ஒரு கணம் நின்றது. பிறகு தென்னைகளுக்கு நடுவே புகுந்து, நேராகக் கடலுக்குள் ஓடியது.

"கயித்த அவுருல! அவுருல சண்முகம்!" என்ற சத்தம் அலைக்கு மேலே கேட்டது.

சண்முகம் கரையிலேயே நின்றார். "எப்படி நிறுத்துறதுன்னு எனக்குத் தெரியாதுண்ணே! ஜட்காவுல நான் பின்னால உக்காந்துதான் போயிருக்கேன்!"

குதிரை தானாகவே கரை திரும்பி, கயிறு அவிழ்ந்ததும் கஸ்பார் முதலில் செய்தது சண்முகத்தைத் துரத்தியதுதான். ஈரக் கைலி தடுக்கியதால் சண்முகம் தப்பினார்.

பை நனைந்துவிட்டது. கடிதங்களை ரோசலின் துணிக்கொடியில் கிளிப் போட்டுக் காயப்போட்டாள். தகவல் தெரிந்து குடியிருப்பே வந்து நின்றது. அவரவர் கடிதத்தைத் தேடுகிற சாக்கில் அடுத்தவர் கார்டைப் படித்தார்கள். எவன் ஊரில் பெண் பார்க்கிறான், எவன் மாமியார் என்ன எழுதுகிறாள் என்பதெல்லாம் சாயங்காலத்துக்குள் எல்லோருக்கும் தெரிந்துபோனது. இரண்டு குடும்பங்கள் கைகலந்தன. விலக்கப் போன கஸ்பாருக்குத்தான் அடி.

"குதிரையை அனுப்புனவன் எவன்? அவன இங்க கொண்டாங்க! அவன் கால நான் கட்டுதேன்!" என்று அவர் கரையில் நின்று மெயின்லாண்ட் இருக்கும் திசையைப் பார்த்துக் கத்தினார். குதிரை பக்கத்தில் நின்று கொண்டைக்கடலை மென்றது.

ஆனால் ஒன்றை அவர் கவனித்திருந்தார். அலையில் குதிரை எம்பியபோது, முழங்காலை இறுக்கி இடுப்பைத் தளர்த்தியதும் உடம்பு தானாக நின்றது. கட்டுமரத்தில் அலை தாண்டுகிற அதே பிடி. அன்றிலிருந்து தினமும் விடியலில் குதிரையைக் கடலுக்குள் இறக்கி ஏறினார். விழுந்தார், திட்டினார், ஏறினார். அதன் காதில் விழாத கெட்ட வார்த்தை மணப்பாட்டில் பாக்கி இல்லை. ரோசலின் வீடுவீடாகப் போய், இனி யாரும் குதிரைக்கு எதுவும் கொடுக்கக்கூடாது என்று சண்டை போட்டாள்.

"சந்தியாகப்பர் கோவிச்சுக்கிட மாட்டாராக்கும்?" என்றாள் ஒருத்தி.

"எங்க வீட்டுக்காரருக்க கோவத்துக்கு முன்னால அவருக்க கோவம் ஒண்ணுமே இல்ல" என்றாள் ரோசலின்.

அடுத்த கப்பலில் இன்ஸ்பெக்டர் ஜெகநாதன் போர்ட் பிளேரிலிருந்து வந்தார். கூடவே பியூன் பன்னீர்செல்வம். இன்ஸ்பெக்டர் வழியெல்லாம் வாந்தி எடுத்து முகம் வெளுத்திருந்தார். சாதுவாகப் பேசினார். அதுவே கஸ்பாருக்குப் பிடிக்கவில்லை.

"கஸ்பார், உங்களுக்குச் சவாரி தெரியுமா? உண்மையைச் சொல்லுங்க. தெரியலன்னாலும் தப்பில்ல."

பக்கத்தில் நின்ற ஜம்புலிங்கம் கஸ்பாரின் காலை மிதித்தார்.

"தெரியும் சார்."

"இந்தத் தீவுல இதுவரைக்கும் குதிரையே கிடையாது. யாருக்கும் தெரிஞ்சிருக்க நியாயமில்ல. நான் ஒண்ணும் நினைக்க மாட்டேன்."

'எப்படி வலை விரிக்கிறான் பார்' என்று கஸ்பார் நினைத்தார். "சின்ன வயசிலேர்ந்து தெரியும் சார்."

"முழங்கால் வீங்கியிருக்கே. விழுந்தீங்களா?"

"கொசு கடிச்சது சார்."

இன்ஸ்பெக்டர் பெருமூச்சு விட்டார். "சரி. தோட்டம் வரைக்கும் ஓட்டிக் காட்டுங்க. நான் லாரியில பின்னால வர்றேன்."

கஸ்பார் பையை மாட்டிக்கொண்டு ஏறினார். நான்கு வருடத்துக் கோபம், தார்ப்பாய் ஒழுகல், லாரி டிரைவரின் சிரிப்பு, எல்லாம் சேர்ந்து குதிகாலுக்கு வந்தன. ஒரே உதை. குதிரை பறந்தது. எந்த வாசலிலும் நிற்கவில்லை. யானையைக் கண்டதும் தயங்கியது. கஸ்பார் அதன் காதில் ஏதோ சொன்னார். யானை தேவலை என்று நினைத்ததுபோல அதைத் தாண்டி ஓடியது. லாரி போய்ச் சேர்ந்தபோது கஸ்பார் தபாலைக் கொடுத்து முடித்து, மேனேஜர் கொடுத்த டீயைக் குடித்துக்கொண்டிருந்தார்.

இன்ஸ்பெக்டர் இறங்கினார். குதிரையைப் பார்த்தார். கஸ்பாரைப் பார்த்தார். மூக்குக்கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார்.

"நல்லா ஓட்டறீங்க" என்றார், துக்க வீட்டில் பேசுகிற குரலில். ரிப்போர்ட்டில் அதையே எழுதிக் கையெழுத்துப் போட்டார்.

கஸ்பார் ஒன்றரை மாதத்துக்குப் பிறகு முதல்முறையாகச் சிரித்தார். ரோசலின் சிலுவை போட்டுக்கொண்டாள்.

சாயங்காலம் இன்ஸ்பெக்டர் யாரோடும் பேசாமல் டிங்கியில் ஏறி உட்கார்ந்தார். பன்னீர்செல்வம் கப்பலிலிருந்து வந்த இன்னொரு டிங்கியிலிருந்து பெரிய பெரிய புல்லுக்கட்டுகளை மணலில் தள்ளிக்கொண்டிருந்தான்.

"என்ன தம்பி இது?"

"உங்க குதிரைக்குத்தாண்ணே. வச்சுக்குங்க."

"குதிரைக்குப் புல்லு வேற கொண்டாந்திருக்காரா! பெரிய மனுசன்யா!" என்றார் கஸ்பார். "அவர வேற மாதிரில்லா நெனச்சிட்டேன். சரி, பெர்மனென்ட் ஆர்டர் எப்ப வரும்?"

பன்னீர்செல்வம் கடைசிக் கட்டைத் தள்ளிவிட்டுக் கையைத் தட்டிக்கொண்டான்.

"இந்தப் புல்லு குதிரை திரும்பிப் போறப்ப கப்பல்ல திங்கிறதுக்குன்னு கொண்டாந்ததுண்ணே; இங்க ஒருத்தனுக்கும் சவாரி தெரியாதுன்னு எழுதி, குதிரையைத் திரும்பக் கொண்டுபோயிட்டு, உங்களைப் பழையபடி ரன்னரா பெர்மனென்ட் பண்ணிரணும்னுதான் ஐயா வாந்தி எடுத்துக்கிட்டு இவ்வளவு தூரம் வந்தாரு; இப்ப நீங்க சவாரிக்காரராயிட்டீங்க, அந்தப் போஸ்ட்டு என்னைக்கும் டெம்பரவரிதான்."